தொண்ணூறாம் நாளும் நான் வேலைக்கு வந்திருந்தேன்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

ஓய்வூதியம் என்றாலே பழைய திட்டமா, புதிய திட்டமா என்றுதான் எல்லோரும் எழுதுகிறார்கள். நான் எழுத வந்தது அதைவிடச் சின்ன விஷயம். பழைய திட்டத்தில் இருந்து, அதன் விதியிலேயே வழியும் இருந்து, தினக்கூலியாகப் பார்த்த வருஷங்களைக் கணக்கில் சேர்க்க மாட்டேன் என்கிறார்கள். பல்கலைக்கழகம் என்றால் பேராசிரியர்கள் நினைவுக்கு வருவார்கள். விடைத்தாள் கட்டைத் தூக்கியவர்கள் யாருக்கும் நினைவுக்கு வருவதில்லை. நான் கட்டுத் தூக்கியவள்.

ஊர் பாபநாசம் வட்டம். பத்தாவது பாஸ், டைப்ரைட்டிங் லோயர். 1986 ஜூலை முதல் தேதி, டெல்டாவில் உள்ள ஒரு பல்கலைக்கழகத்தின் தேர்வுப் பிரிவில் தினக்கூலியாகச் சேர்ந்தேன். எந்தப் பல்கலைக்கழகம் என்று எழுதப்போவதில்லை; என் கோப்பு இன்னும் அங்கேதான் கிடக்கிறது. சிதம்பரத்தில் 1929இலிருந்தே ஒன்று உண்டு. தஞ்சாவூரில் 1981இலும் திருச்சியில் 1982இலும் ஒவ்வொன்று வந்தது. எது என்று வாசகர்கள் ஆராய வேண்டாம். என்னைப்போல எண்பதுகளில் கூலிக்குச் சேர்ந்தவர்கள் கடந்த சில வருஷமாக ஒவ்வொருவராக ஓய்வுபெற்று வந்துகொண்டிருக்கிறார்கள். அதனால்தான் இந்தப் பிரச்சினை இப்போது கிளம்புகிறது.

நாளுக்குப் பத்து ரூபாய் கூலி. கல்லூரிகளிலிருந்து வரும் விடைத்தாள் கட்டைப் பிரிக்கணும், முகப்பைக் கிழித்து, எழுதியவர் யார் என்று தெரியாதபடி பதிவெண்ணுக்குப் பதில் டம்மி நம்பர் போடணும், எண்ணி, மறுபடி கட்டி, கோணி ஊசியால் சாக்கைத் தைக்கணும். சணல் இழுத்து இழுத்து ஆள்காட்டி விரலின் பக்கவாட்டில் காய்ப்புக் காய்த்துவிடும். இப்போதும் அந்த இடம் மரத்துத்தான் இருக்கிறது. நிரந்தரப் பணியாளர்கள் பார்த்ததும் இதே வேலைதான். காலை பத்து மணிக்கு அவர்களோடு வருவேன், மாலை அவர்கள் போன பிறகு போவேன். தேர்வு முடிவு நேரத்தில் கடைசிப் பேருந்தைக் கோட்டைவிட்டு, இரவு பாசஞ்சர் ரயிலில் ஊர் போன நாட்கள் உண்டு.

இனி 'பிரேக்' கதை. 89 நாள் வேலை பார்த்தால் அடுத்த நாள் கட்டாயம் ஒரு நாள் நிறுத்தம். தொடர்ச்சியாகப் போனால் நாளைக்கு இவர்கள் உரிமை கேட்பார்கள் என்று மேலே யாரோ யோசித்துச் செய்த ஏற்பாடு. தினக்கூலிகளின் வருகைப் பதிவேடான மஸ்டர் ரோலில் அந்த நாளின் கட்டத்தில் சிவப்பு மையால் ஒரு பெருக்கல் குறி விழும். 91ஆம் நாள் புதுசாகச் சேர்ந்ததுபோல மறுபடி கையெழுத்து.

அந்தத் தொண்ணூறாம் நாளில் நான் வீட்டில் இருந்தது ரொம்பக் குறைவு. முதல் நாள் சாயங்காலமே கண்காணிப்பாளர் வந்து நிற்பார். "ஏம்மா, நாளைக்கு உனக்குப் பிரேக்குதான். ஆனா பி.காம். ரிசல்ட் கெடக்கு. மத்தியானம் வரைக்குமாவது வந்துட்டுப் போயேன்." போவேன். மத்தியானம் என்பது ஆறு மணியாகும். கையெழுத்துப் போட முடியாது, கூலி கிடையாது. அவர் தன் சட்டைப்பையிலிருந்து இரண்டு ரூபாய் எடுத்து டீயும் பன்னும் வாங்கித் தருவார். அவரை நான் குறை சொல்லவில்லை, மனுஷர் நல்லவர்தான். அந்தச் சிவப்புக் குறியைப் போட்டதும் அவர் கைதான். போடும்போது என் முகத்தைப் பார்க்க மாட்டார்.

இப்படிப் பன்னிரண்டரை வருஷம். 1999 பிப்ரவரி முதல் தேதி அலுவலக உதவியாளராகப் பணிவரன்முறை செய்தார்கள். காலமுறை ஊதியம், பணிப்பதிவேடு எல்லாம் வந்தது. பின்னால் பதிவறை எழுத்தராகி, 2023 மே 31 அன்று ஓய்வுபெற்றேன். மாலை, பூச்செண்டு, வெள்ளிக் குங்குமச்சிமிழ், பதிவாளர் கையால் சால்வை. ஒன்றும் குறையில்லை.

குறை ஆறு மாதம் கழித்துத் தபாலில் வந்தது. மூன்று வரிக் கடிதம். தினக்கூலிப் பணிக்காலத்தில் இடைமுறிவுகள் இருப்பதாலும், மஸ்டர் ரோல் முழுமையாகக் கிடைக்காததாலும், அக்காலத்தைத் தகுதியுள்ள பணிக்காலமாக ஏற்கத் தணிக்கை தடை தெரிவித்துள்ளது என்று.

விதி என்ன சொல்கிறது என்று எனக்குத் தெரியும். ஊரார் ஓய்வூதியக் கருத்துருக்களுக்கெல்லாம் பழைய கோப்பைத் தேடி எடுத்துக் கொடுத்தவளே நான்தான். எங்கள் பல்கலைக்கழகம் பின்பற்றுவது 1978ஆம் ஆண்டுத் தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள். அதில் 11ஆம் விதி. தினக்கூலியாகவோ தொகுப்பூதியத்திலோ மதிப்பூதியத்திலோ 1.1.1961க்குப் பிறகு வேலை பார்த்து, 1.4.2003க்கு முன் நிரந்தரப் பணிக்கு வந்துவிட்டால், அந்தக் காலத்தில் பாதி ஓய்வூதியத்துக்குச் சேரும். நிதித் துறையின் 408ஆம் எண் அரசாணை, 25.8.2009 தேதியிட்டது, இதைத் தெளிவாகச் சொல்கிறது. 2003ஆம் வருஷக் கோட்டுக்கு இந்தப் பக்கம் யார், அந்தப் பக்கம் யார் என்பதைச் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வும் 2019இல் தீர்த்துவிட்டது. நான் வந்தது 1999இல். கோட்டுக்கு இந்தப் பக்கம், சந்தேகமே கிடையாது.

என் கணக்கை எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். தினக்கூலி 12 வருஷம் 7 மாதம். பாதி என்றால் 6 வருஷம் மூன்றரை மாதம். நிரந்தரப் பணி 24 வருஷம் 4 மாதம். இரண்டையும் கூட்டினால் 30 வருஷத்தைத் தாண்டி ஏழரை மாதம். முழு ஓய்வூதியத்துக்கு 30 வருஷம் போதும். கடைசியாக நான் வாங்கிய அடிப்படைச் சம்பளம் 36,000. முழு ஓய்வூதியம் அதில் பாதி, 18,000. இப்போது 24 வருஷம் 4 மாதத்தை மட்டும் எடுத்து 49 அரையாண்டு என்று போட்டிருக்கிறார்கள். 30 வருஷம் என்றால் 60 அரையாண்டு; 60க்கு 49. அதாவது 14,700. மாதம் 3,300 ரூபாயும் அதற்குரிய அகவிலைப்படியும் எனக்கு வரவில்லை. பணிக்கொடையில் இன்னும் மூன்று மாதச் சம்பளம் நிற்கிறது. ஒரு அரையாண்டுக்குக் கால் மாதச் சம்பளம்; 30 வருஷம் ஏழரை மாதம் என்றால் 61 அரையாண்டு, அதில் 12 குறைகிறது, சரிபார்த்துக்கொள்ளலாம்.

தணிக்கை சொல்லும் இடைமுறிவு எவை? ஒன்று, நான் சொன்ன தொண்ணூறாம் நாட்கள். பன்னிரண்டரை வருஷத்துக்கும் சேர்த்து எண்ணினால் அதிகம் போனால் 51 நாள். இரண்டாவது, என் இரண்டு பிரசவங்கள். 1989இல் ஒரு மூன்று மாதம், 1992இல் ஒரு மூன்று மாதம். என் மேசைக்கு எதிர்மேசை அக்கா நிரந்தரப் பணியாளர். அவருக்குச் சம்பளத்தோடு மகப்பேறு விடுப்பு. எனக்கு மஸ்டர் ரோலில் 'வரவில்லை'. மகள் பிறந்து அறுபத்தெட்டாம் நாளே கட்டுத் தைக்க வரட்டுமா என்று ஆள் விட்டுக் கேட்டேன், கூலி போகிறதே என்று. எதிர்மேசை அக்காதான், "பச்ச ஒடம்பு, கெடடி பேசாம" என்று திருப்பி அனுப்பினார். தில்லி மாநகராட்சியின் மஸ்டர் ரோல் பெண்களுக்கு மகப்பேறு உதவி உண்டு என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது 2000ஆம் ஆண்டு மார்ச் 8. பேப்பரில் படித்தபோது எனக்கு நிரந்தரமாகி ஒரு வருஷம் ஆகியிருந்தது. பிள்ளைகள் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தார்கள்.

சரி, அந்தப் பெண்கள் பெற்றது அவர்களோடு. வாதத்துக்காக 51 நாளையும் ஆறு மாதத்தையும் கழித்துவிடுங்கள். பாதி கணக்கில் அது நான்கு மாதத்துக்குள். அதன் பிறகும் என் பணிக்காலம் 30 வருஷத்துக்குக் குறையவில்லை. இதைக் கணக்குப் போட்டு ஒரே பக்கத்தில் எழுதிக் கொடுத்தேன். அப்படிக் கழிக்க விதியில் இடமில்லையாம். தொடர்ச்சி இருக்க வேண்டும், இல்லையென்றால் மொத்தமும் போகும். விதியில் தொடர்ச்சி என்று இருப்பது உண்மைதான். அந்தத் தொடர்ச்சியை அறுத்தது யார்? சிவப்பு மை என் பேனாவில் இல்லை.

உத்தரப் பிரதேசத்தில் ஒர்க்-சார்ஜ்டு (குறிப்பிட்ட வேலையின் செலவுக் கணக்கிலேயே சம்பளம்) என்ற பெயரில் வருஷக்கணக்கில் வேலை வாங்கி, ஓய்வூதியத்தில் அதைச் சேர்க்காமல் விட்டதை 2019 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. அங்கே முழுக் காலத்தையும் சேர்க்கச் சொன்னார்கள். நாங்கள் கேட்பது பாதிதான்.

அடுத்தது அந்த மஸ்டர் ரோல் கிடைக்கவில்லை என்ற கதை. இதில்தான் எனக்குச் சிரிப்பும் எரிச்சலும் ஒன்றாக வருகிறது. அந்தப் பதிவறையைப் பதினைந்து வருஷம் பார்த்துக்கொண்டவள் நான். மஸ்டர் ரோல்கள் பழுப்புக் காலிகோ அட்டை போட்ட நீள நோட்டுகள்; தெற்கு அலமாரியின் கடைசித் தட்டில் இருந்தன. ராமபாணப் பூச்சி துளைக்காமல் இருக்க வசம்பைத் துணியில் முடிந்து ஒவ்வொரு தட்டிலும் வைப்பேன். ஓலைச்சுவடிக்கு வைக்கிற பழைய பழக்கம்தான். வசம்புக்கு வவுச்சர் போட முடியாது என்றார்கள். கும்பகோணம் கடையில் என் காசில் வாங்கினேன். 2018 நவம்பரில் கஜா புயல் அடித்த மறுநாள் போய்ப் பார்த்தால், தெற்கு ஜன்னல் கதவைக் காணோம், கடைசித் தட்டு நனைந்து ஊறிக் கிடந்தது. ஈரத் தாளை அவசரப்பட்டுப் பிரித்தால் கையோடு வந்துவிடும். ஒவ்வொரு பக்கத்துக்கும் நடுவில் பழைய செய்தித்தாளைச் செருகி (உங்கள் பேப்பரும் அதில் உண்டு), மாற்றி மாற்றி வைத்து, மின்சாரம் இல்லாத நாட்களில் விசிறிமட்டையால் விசிறி, பத்து நாளில் காயவைத்தேன். ஊதா ஸ்டாம்ப் மை கரைந்து பரவிவிட்டது. கையெழுத்துகள் தப்பின. 1986 ஜூலைப் பக்கத்தில் என் கையெழுத்தைப் பார்த்தேன். சுழித்துச் சுழித்துப் போட்டிருக்கிறேன், பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி.

இல்லை என்று சொல்லப்படும் நோட்டு 1991 முதல் 1993 வரைக்குமான ஒன்றே ஒன்று. அது தொலையவில்லை. பதிவறையிலிருந்து எது வெளியே போனாலும் கொடுத்த பதிவேட்டில் தேதி போட்டு வாங்கியவரிடம் சுருக்கொப்பம் பெறுவேன். 2011இல் ஒரு பிரிவு அதைப் பார்வைக்கு வாங்கிப்போயிருக்கிறது. திரும்பி வந்ததற்கு ஒப்பம் இல்லை. நினைவூட்டு மூன்று அனுப்பியிருக்கிறேன், அதன் நகல்களும் உண்டு. அந்தப் பிரிவு எது என்று இங்கே எழுதினால் வேடிக்கையாக இருக்கும், எழுதவில்லை. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டதற்குக் 'கோப்பு கிடைக்கப்பெறவில்லை' என்று பதில் வந்தது. அதைக் காப்பாற்றிக் கொடுக்க வேண்டிய பொறுப்பு அலுவலகத்துக்கா, தினக்கூலிக்கா? அந்த வருஷங்களுக்குக் கூலி பட்டுவாடா ஆனதற்குப் பணப்புத்தகம் இருக்கிறது. அதை எடுத்துப் பாருங்கள் என்றேன். பார்ப்பதாகச் சொல்லியிருக்கிறார்கள். அது ஆகிறது ஒரு வருஷம்.

இந்த ஊர்க்காரர்கள் எதற்கெடுத்தாலும் தண்ணீரைத்தான் சொல்வோம், தேய்ந்த உவமைதான், மன்னியுங்கள். ஜூன் 12 அன்று மேட்டூர் திறந்தால் சில நாளில் கல்லணை வந்து, தட்டுத் தடுமாறியாவது கடைமடை போய்ச் சேர்ந்துவிடும். 2009இல் சென்னையில் திறந்த அரசாணை 2023 வரைக்கும் எங்கள் ஆபீஸ் மேசைக்கு வந்து சேரவில்லை.

என்னைவிட மோசமாக மாட்டிக்கொண்டவர் ஒருவர் உண்டு. என்னோடு அதே 1986 ஜூலை முதல் தேதி சேர்ந்தவர். அம்மாப்பேட்டைப் பக்கம் வீடு. ஒரே பேருந்து, ஒரே பெஞ்சு, ஒரே சணல் உருண்டை. 1999 பட்டியலில் அவர் பெயர் விட்டுப்போயிற்று. பள்ளிச் சான்றிதழில் உள்ள முதலெழுத்துக்கும் (இனிஷியல்) மஸ்டர் ரோல் முதலெழுத்துக்கும் பொருந்தவில்லை என்று காரணம். அதைச் சரிசெய்து கோப்பு மேலே போய், கீழே வந்து, 2006இல்தான் நிரந்தரமானார். ஆகவே அவருக்கு சி.பி.எஸ்., அதாவது 1.4.2003 முதல் நிரந்தரமானவர்களுக்கான பங்களிப்பு ஓய்வூதியத் திட்டம். சம்பளத்தில் பத்து சதவீதம் பிடித்தார்கள். அந்தத் திட்டத்தில் மாத ஓய்வூதியம் கிடையாது, இருபது வருஷ தினக்கூலியில் ஒரு நாளும் சேராது. சட்டப்படி அவருக்கு வழியில்லை என்பதை நான் ஒப்புக்கொள்கிறேன், நீதிமன்றமும் சொல்லிவிட்டது. அது நியாயம் என்று மட்டும் ஒப்புக்கொள்ள முடியவில்லை. ஒரு முதலெழுத்துக்கு இவ்வளவு விலையா? அவரைப் பார்த்து வந்த அன்று இந்தக் கடிதத்தை எழுதவே கூச்சமாக இருந்தது. அவர்தான், "எழுதுக்கா, ஒனக்காச்சும் கெடைக்கட்டும்" என்றார்.

பேராசிரியர்கள் வேறு கல்லூரியில் பார்த்த முன்பணியைச் சேர்க்கும் கோப்புகளும் உண்டு. அவர்களும் அலைகிறார்கள், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் அவர்களுக்குப் பழைய நிறுவனம் ஒரு சான்று எழுதித் தரும், எதிர்த்துப் பேசச் சங்கம் இருக்கிறது, ஆங்கிலத்தில் நான்கு பக்கம் மனு எழுதத் தெரியும். எங்கள் இரவுக் காவலர் ஒருவருக்கு மனு எழுதினது நான்தான். பதில் வருவதற்குள் போய்ச் சேர்ந்துவிட்டார். குடும்ப ஓய்வூதியம் கடைசிச் சம்பளத்தில் 30 சதவீதம், அதற்கு வருஷக் கணக்கு குறுக்கே வராது, அந்தம்மாவுக்கு அது வருகிறது. அவர் உயிரோடு இருந்த காலத்து நிலுவையும் பணிக்கொடைப் பாக்கியும் அப்படியே நிற்கின்றன. வாரிசுச் சான்றிதழ் வாங்கி வா என்றிருக்கிறார்கள்.

உண்மையான காரணம் பணம் என்பது எனக்கும் தெரியும். அரசு ஊழியருக்குக் கருவூலம் கொடுக்கிறது. பல்கலைக்கழகத்தில் ஓய்வூதியம் பல்கலைக்கழக நிதியிலிருந்து போக வேண்டியிருக்கிறது. மாநிலப் பல்கலைக்கழகங்களில் காசு இல்லை என்பது ஊரறிந்த கதை. காசு இல்லை என்றால் காசு இல்லை என்று எழுதட்டும், நான் புரிந்துகொள்வேன். அதற்காக என்னை இடைமுறிவுக்காரி ஆக்க வேண்டாம். ஓய்வூதியம் யாரோ மனமிரங்கிப் போடும் பிச்சை இல்லை என்று நகரா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது 1982 டிசம்பர் 17. வருஷா வருஷம் அந்தத் தேதியில் ஓய்வூதியர் நாள் கொண்டாடுகிறோம். போளியும் பக்கோடாவும் உண்டு, தீர்மானமும் உண்டு.

நான் கேட்பது பெரிய காரியமில்லை. அலுவலகமே வைத்த நிறுத்த நாளையும் பிரசவ நாளையும் இடைமுறிவாக எடுக்கக் கூடாது என்று ஆட்சிக்குழு ஒரு தீர்மானம் போடலாம். அரசு ஒரு வரித் தெளிவுரை கொடுத்தால் தணிக்கையும் தடையை விலக்கிக்கொள்ளும். மஸ்டர் ரோல் இல்லாத இடத்தில் பணப்புத்தகத்தை ஏற்க வேண்டும். இதைவிட முக்கியமாக, இன்னும் மூன்று நான்கு வருஷத்தில் ஓய்வுபெறப் போகிறவர்களுக்கு அந்தப் பாதிக் காலத்தை இன்றைக்கே பணிப்பதிவேட்டில் எழுதி ஒப்பம் வாங்கிவிட வேண்டும். ஓய்வுபெற்ற பிறகு ஆதாரம் கொண்டு வா என்றால், கண்காணிப்பாளர் இருக்க மாட்டார், நோட்டு இருக்காது. அந்தச் சிவப்புக் குறியைப் போட்டவர் காலமாகி எட்டு வருஷம் ஆகிறது. இருந்திருந்தால் எனக்காக வந்து சாட்சி சொல்லியிருப்பார் என்றுதான் நினைக்கிறேன். பழைய பதிவறையை இடித்துவிட்டுப் புதுக் கட்டடம் வரப்போகிறது என்றும் காதில் விழுகிறது. பணியில் இருக்கும் தம்பி தங்கைகளே, தெற்கு அலமாரி கடைசித் தட்டை முதலில் செல்போனில் படம் எடுத்து வையுங்கள்.

இத்துடன் 1988 நவம்பர் மாத மஸ்டர் ரோல் பக்கத்தின் நகலை இணைத்திருக்கிறேன். 14ஆம் தேதிக் கட்டத்தில் சிவப்புக் குறி இருக்கிறது. அதே 14ஆம் தேதி, கட்டு அனுப்பிய பதிவேட்டின் பக்கமும் இணைப்பில் உண்டு. 'கட்டியவர்' என்ற இடத்தில் இருப்பது என் கையெழுத்து. நீங்கள் பார்ப்பதற்காக மட்டும் அனுப்புகிறேன். அச்சில் போட வேண்டாம், கையெழுத்தை வைத்து ஆளைக் கண்டுபிடித்துவிடுவார்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பதிவறை எழுத்தர்,
பாபநாசம் வட்டம், தஞ்சாவூர் மாவட்டம்.
(பெயரையும் முகவரியையும் தனித்தாளில் எழுதியிருக்கிறேன், வெளியிட வேண்டாம்.)